பார்போசா: ஒரு கோலுக்கு ஐம்பது ஆண்டுத் தண்டனை

கால்பந்தில் முன்வரிசை ஆட்டக்காரர் பத்து முறை பந்தைக் கோட்டைவிட்டாலும் பதினோராவது முறை கோல் போட்டுவிட்டால் தோளில் தூக்கிக்கொண்டு ஆடுவார்கள். கோல்கீப்பருக்கு அந்தச் சலுகை கிடையாது. அவர் பிடித்த பந்துகள் யார் கணக்கிலும் ஏறுவதில்லை. விட்ட பந்து மட்டும் ஏறும். ஊர்த் திடலில் ஆடிய பிள்ளைகளுக்கு இது நன்றாகத் தெரியும். அணி பிரிக்கும்போது கோலில் நிற்க யாரும் முன்வர மாட்டார்கள். கடைசியில், எதிர்த்துப் பேச முடியாத ஒருவனைக் கொண்டுபோய் நிறுத்துவார்கள்.

பிரேசில் நாட்டு கோல்கீப்பர் மொவாசிர் பார்போசாவின் கதையை இந்த வாரம் சொல்லப்போகிறோம். நம் சேரித் திடல்களில் பீலேயின் பெயரைக் கேள்விப்படாத பிள்ளை இல்லை. பீலேக்கு முன்னால் அதே நாட்டுக்காக ஆடிய பார்போசாவை யாரும் அறிய மாட்டார்கள். அவர் தன் காலத்தில் தென் அமெரிக்காவின் தலைசிறந்த கோல்கீப்பர்களில் ஒருவர். இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆடியவர். ஆனால் அவர் நாடு அவரை ஒரே ஒரு நிமிடத்துக்காக மட்டும் நினைவில் வைத்திருந்தது. 1950 ஜூலை 16, ஆட்டத்தின் 79ஆவது நிமிடம்.

பார்போசா பிறந்தது 1921 மார்ச் 27இல், சாவ் பாவ்லோ மாநிலத்தின் கம்பினாஸ் நகரில். கம்பினாஸ் ஒரு காலத்தில் காப்பித் தோட்டங்களுக்குப் பேர்போன பகுதி. அந்தத் தோட்டங்களில் உழைத்தவர்கள் ஆப்பிரிக்காவிலிருந்து கப்பலில் கொண்டுவரப்பட்ட அடிமைகளும் அவர்களின் பிள்ளைகளும்தான். அமெரிக்கக் கண்டங்களில் அடிமை முறையைக் கடைசியாக ஒழித்த நாடு பிரேசில். ஒழித்த ஆண்டு 1888. அதாவது பார்போசா பிறப்பதற்கு 33 ஆண்டுகளுக்கு முன்புவரை அவர் நிறத்து மனிதர்கள் சந்தையில் விலைபேசப்பட்டார்கள். சட்டம் விடுதலை தந்தது. ஒரு குழி நிலம் தரவில்லை. இத்தனை தலைமுறை உழைப்புக்குக் கூலியும் தரவில்லை. பண்ணையடிமை முறை ஒழிந்த பிறகும் பண்ணையாரின் திண்ணைக்குக் கீழேயே நின்றவர்களின் வாரிசுகளுக்கு இதை நாம் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

கால்பந்து பிரேசிலுக்கு வந்தது 19ஆம் நூற்றாண்டின் கடைசியில். முதலில் அது வெள்ளைப் பணக்கார வீட்டுப் பையன்களின் பொழுதுபோக்கு. கிளப்புகள் அவர்களுடையவை. ரியோ நகரின் ஃபுளுமினென்ஸ் கிளப்பில் 1914இல் கார்லோஸ் ஆல்பெர்ட்டோ என்ற கலப்பின ஆட்டக்காரர் முகத்தில் அரிசி மாவைப் பூசிக்கொண்டு திடலில் இறங்கியதாகச் சொல்வார்கள். வேர்வையில் மாவு கரைய, கூட்டம் கேலி செய்ததாம். அந்தப் பவுடர் இன்று அந்தக் கிளப் ரசிகர்கள் காற்றில் தூவும் கொண்டாட்டப் பொருளாகிவிட்டது. ஒருவரின் அவமானம் எப்படி மற்றவர்களின் திருவிழாவாகிறது என்பதை யோசித்துப் பாருங்கள்.

இந்தச் சுவரில் முதல் ஓட்டை போட்ட கிளப்புகளில் ஒன்று வாஸ்கோ ட காமா. பெயரைப் பார்த்து வாசகர்கள் திகைக்க வேண்டாம். நம் பக்கத்துக் கோழிக்கோட்டுக்குக் கப்பலில் வந்திறங்கிய அதே மாலுமியின் பெயர்தான். அந்தப் பயணத்தின் நானூறாவது ஆண்டான 1898இல் ரியோவில் குடியேறியிருந்த போர்ச்சுகீசியர்கள் தொடங்கிய கிளப் அது. 1923இல் வாஸ்கோ அணி கறுப்பர்களையும் கலப்பினத்தாரையும் ஏழை வெள்ளையர்களையும் சேர்த்துக்கொண்டு ஆடி ரியோ சாம்பியன் ஆனது. பெரிய வீட்டுக் கிளப்புகளுக்கு அது பொறுக்கவில்லை. அடுத்த ஆண்டே தனிச் சங்கம் தொடங்கினார்கள். வாஸ்கோ அதில் சேர வேண்டுமானால் பன்னிரண்டு ஆட்டக்காரர்களை நீக்க வேண்டும் என்றார்கள். நிறத்தைச் சொல்லி நீக்கச் சொல்லவில்லை, தகுதியைச் சொன்னார்கள். முறையான தொழில் இல்லாதவர்கள், எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் என்று காரணம் காட்டினார்கள். தகுதி என்ற சொல் எந்த ஊரிலும் இந்த வேலைக்குத்தான் அதிகம் பயன்பட்டிருக்கிறது. 1924 ஏப்ரல் 7இல் வாஸ்கோவின் தலைவர் ஜோசே அவ்குஸ்தோ பிரெஸ்தெஸ் ஒரு கடிதம் எழுதினார். அந்தப் பன்னிரண்டு பேரைக் கைவிட்டுவிட்டு உங்கள் சங்கத்தில் சேர மாட்டோம் என்பது அதன் சாரம். இந்தத் தேதியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

பார்போசா வளர்ந்து ஆளானது சாவ் பாவ்லோ நகரில். மருந்து ஆய்வகம் ஒன்றில் வேலை பார்த்துக்கொண்டு, அந்த நிறுவனத்தின் அணியில் ஆடினார். முதலில் முன்வரிசையில்தான் ஆடியவர். பிறகு கோலுக்கு மாறினார். அங்கிருந்து இபிராங்கா கிளப். 1945இல் வாஸ்கோ அவரை ரியோவுக்கு அழைத்துக்கொண்டது.

அந்தக் காலத்து வாஸ்கோ அணியை வெற்றி எக்ஸ்பிரஸ் என்று பட்டப்பெயர் வைத்து அழைத்தார்கள். 1945, 1947, 1949 ஆண்டுகளில் ரியோ சாம்பியன் பட்டம் அவர்களுக்குத்தான். பார்போசா கையுறை போடாமல் ஆடியவர். பந்தின் தோல் உள்ளங்கையில் படாவிட்டால் அதன் போக்குப் புரியாது என்பது அவர் நம்பிக்கை. அந்தக் காலத்துப் பந்து கனமானது. மழையில் நனைந்தால் கல் மாதிரி ஆகிவிடும். வெறுங்கையில் அதைத் தடுத்துத் தடுத்து அவர் விரல்கள் பலமுறை முறிந்தன. வயதான பிறகு எடுத்த படங்களில் அந்த விரல்களின் கோணலைப் பார்க்கலாம்.

1948இல் சிலி நாட்டின் சாந்தியாகோவில் தென் அமெரிக்க நாடுகளின் சாம்பியன் கிளப்புகளுக்கான போட்டி நடந்தது. கடைசிக் கட்டத்தில் அர்ஜென்டினாவின் ரிவர் பிளேட் அணியுடன் மோதல். ரிவர் பிளேட் என்றால் அப்போது கண்டமே நடுங்கும். லப்ருனா அடித்த பெனால்டியைப் பார்போசா தடுத்தார். ஆட்டம் கோல் இல்லாமல் முடிந்தது, வாஸ்கோவுக்குக் கோப்பை. பிரேசில் கிளப் ஒன்று தன் நாட்டுக்கு வெளியே வென்ற முதல் பெரிய பட்டம் இது. மறு ஆண்டு தேசிய அணியும் தென் அமெரிக்கக் கோப்பையை வென்றது. பட்டத்தை முடிவு செய்த ஆட்டத்தில் பராகுவேக்கு ஏழு கோல். பிரேசிலின் கோலில் நின்றவர் பார்போசா. இந்தப் பெனால்டியைப் பற்றியோ இந்தக் கோப்பைகளைப் பற்றியோ பிற்காலத்தில் அவரிடம் கேட்டவர்கள் வெகு சிலர்.

1950 உலகக் கோப்பை பிரேசிலிலேயே நடந்தது. இந்தியாவும் அதில் ஆட இடம் பெற்றிருந்தது, போகாமல் விட்டுவிட்டார்கள். போட்டிக்காக ரியோவில் மரக்கானா என்ற மாபெரும் அரங்கத்தைக் கட்டினார்கள். அந்த முறை இறுதிப் போட்டி என்று தனியாக இல்லை. நான்கு அணிகள் தங்களுக்குள் ஆடி, அதிகப் புள்ளி எடுப்பவருக்குக் கோப்பை. பிரேசில் சுவீடனுக்கு ஏழு கோல் போட்டது, ஸ்பெயினுக்கு ஆறு. கடைசி ஆட்டம் உருகுவேயுடன். டிரா செய்தாலே போதும்.

ஆட்டத்துக்கு முன்பே ஒரு நாளிதழ் பிரேசில் அணியின் படத்தைப் போட்டு உலகச் சாம்பியன்கள் இவர்கள்தாம் என்று அறிவித்துவிட்டது. ரியோ நகரின் மேயர், ஆட்டக்காரர்களைத் திடலில் நிறுத்தி வெற்றி வாழ்த்து வாசித்தார். டிக்கெட் வாங்கி உள்ளே போனவர்கள் மட்டும் 1,73,850 பேர். மொத்தக் கூட்டம் இரண்டு லட்சத்தை நெருங்கியிருக்கும் என்பார்கள்.

இரண்டாம் பாதி தொடங்கியதும் ஃபிரியாசா பிரேசிலுக்கு ஒரு கோல் போட்டார். உருகுவே அணியின் தலைவர் ஒப்துலியோ வரேலா அவசரப்படாமல் பந்தை எடுத்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நடுவரிடம் போய் வாதாடினார். கூட்டத்தின் கூச்சல் அடங்கும்வரை வாதாடினார் என்று சொல்ல வேண்டும். வரேலாவும் கறுப்பின வழிவந்தவர்தான். சொந்த நாட்டில் அவருக்குப் பட்டப்பெயரே கறுப்புத் தலைவன். இதை ஏன் சொல்கிறோம் என்பது பின்னால் புரியும்.

66ஆவது நிமிடத்தில் உருகுவேயின் கிக்யா வலது ஓரத்தில் ஓடிவந்து பந்தை நடுவே கொடுக்க, ஸ்கியாஃபினோ சமன் செய்தார். 79ஆவது நிமிடத்தில் அதே கிக்யா அதே ஓரத்தில் தடுப்பாட்டக்காரர் பிகோடியைத் தாண்டி வந்தார். முன்னைப் போலவே நடுவே கொடுப்பார் என்று கணித்து பார்போசா ஓரடி முன்னே வந்தார். எந்த நல்ல கோல்கீப்பரும் அப்படித்தான் கணித்திருப்பார். கிக்யா கொடுக்கவில்லை. பார்போசாவுக்கும் அருகிலிருந்த கம்பத்துக்கும் இடையே கிடைத்த சந்தில் அடித்துவிட்டார். பார்போசா பாய்ந்து விழுந்தார். விரலில் பந்து பட்டது, கார்னருக்குத் தள்ளிவிட்டோம் என்றுதான் அவர் நினைத்தார். அரங்கத்தின் அமைதியைக் கேட்ட பிறகு திரும்பிப் பார்த்தார். பந்து வலைக்குள் கிடந்தது. ஆட்டம் 2-1 என முடிந்தது.

அன்று ஒரு நாடே அழுதது. ஒன்பது வயதுப் பீலே தன் தந்தை அழுவதைக் கண்டது அன்றுதான். அழுகை நின்றதும் ஆள் தேடத் தொடங்கினார்கள்.

கணக்கைப் பார்ப்போம். அந்தப் போட்டி முழுவதும் ஆறு ஆட்டங்களில் பிரேசில் வாங்கிய கோல்கள் மொத்தமே ஆறு. முந்தைய இரண்டு ஆட்டங்களில் பதின்மூன்று கோல் போட்ட முன்வரிசை அன்று ஒரு கோலோடு நின்றுபோனது. பழி முன்வரிசை மேல் விழவில்லை. முன்கூட்டியே கோப்பையை எழுதிக்கொடுத்த நாளிதழ் மேலும் மேயர் மேலும் விழவில்லை. பயிற்சியாளர் ஃபிளாவியோ கோஸ்தா வெள்ளையர். அவர் சில ஆண்டுகள் கழித்துத் தேசிய அணிக்குப் பயிற்சியாளராகவே திரும்பி வந்தார். பழி மூன்று பேர் மேல் விழுந்தது. கோல்கீப்பர் பார்போசா, தடுப்பாட்டக்காரர்கள் பிகோடி, ஜுவெனால். மூவரும் கறுப்பர்கள்.

ஆட்டத்தில் தவறியதாகச் சொன்னாலும் பொறுக்கலாம். நெருக்கடி வந்தால் கறுப்பனுக்கு நெஞ்சுரம் இருக்காது, கலப்பு இரத்தம் நடுங்கும் என்று பேசினார்கள். எதிரணித் தலைவன் வரேலா யார் என்பது அப்போது அவர்கள் கண்ணில் படவே இல்லை. 1954 உலகக் கோப்பையிலும் தோற்ற பிறகு, அணியுடன் சென்ற குழுவின் தலைவரே இனத்தைக் காரணம் காட்டி அறிக்கை எழுதினார். பிரேசில் அப்போது, எங்கள் நாட்டில் நிறவெறியே இல்லை என்று உலகத்துக்குச் சொல்லிக்கொண்டிருந்தது. அதே 1950 ஜூலையில்தான் அமெரிக்காவின் புகழ்பெற்ற கறுப்பின நடனக் கலைஞர் காதரின் டன்ஹமுக்கு சாவ் பாவ்லோவின் பெரிய ஓட்டல் ஒன்று அறை தர மறுத்தது. அந்த விவகாரம் வெடித்துத்தான் நிறப் பாகுபாட்டுக்கு எதிரான முதல் சட்டம் 1951இல் வந்தது.

தோல்வியன்று அணிந்திருந்த வெள்ளைச் சட்டையையும் ராசியில்லை என்று தூக்கிப் போட்டார்கள். புதிய சட்டைக்குப் போட்டி வைத்துத் தேர்ந்தெடுத்ததுதான் இன்று உலகமே அறிந்த மஞ்சள் சட்டை. சட்டைக்கு உயிர் இல்லை, வலி இல்லை. பார்போசாவுக்கு அப்போது வயது 29.

அவர் அதோடு ஒடிந்துபோனார் என்று எழுதுபவர்கள் உண்டு. அது அவருக்குச் செய்யும் இன்னொரு அநியாயம். அவர் தொடர்ந்து ஆடினார். அதே 1950ஆம் ஆண்டின் ரியோ பட்டத்தையும் 1952 பட்டத்தையும் வாஸ்கோவுக்கு வென்று தந்தார். 1953இல் தேசிய அணி அவரை மீண்டும் அழைத்தது. ஒரே ஓர் ஆட்டம். அதே ஆண்டு கிளப் ஆட்டம் ஒன்றில் கால் முறிந்தது. 1954 உலகக் கோப்பைக்குப் போகும் வாய்ப்பு அதோடு போயிற்று. கால் தேறியதும் ரெசிஃபி நகரின் சாந்தா குரூஸ் அணிக்குப் போனார். திரும்பி வந்து 1958இல் தன் 37ஆவது வயதில் வாஸ்கோவுடன் இன்னொரு பட்டம். கடைசியாக, காம்போ கிராண்டே என்ற சின்ன கிளப்பில் ஆடி 1962இல் ஓய்வு பெற்றார். அப்போது வயது 41.

ஓய்வுக்குப் பிறகு அவருக்குக் கிடைத்த வேலை எங்கே தெரியுமா? மரக்கானா அரங்கத்து நிர்வாகத்தில். எந்த இடத்தில் தன் பெயர் கெட்டதோ அந்த இடத்துக்கே தினமும் வேலைக்குப் போனார், ஓய்வூதியம் வரும்வரை. அரங்கத்தின் பழைய மரக் கம்பங்களைக் கழற்றியபோது அவருக்கே கொடுத்துவிட்டதாகவும், அவர் அவற்றை எரித்து நண்பர்களுக்கு இறைச்சி சுட்டுப் போட்டதாகவும் ஒரு கதை உலவுகிறது. அந்தக் கம்பங்கள் தங்களிடம் பத்திரமாக இருப்பதாகச் சொல்லும் ஊரும் ஒன்று உண்டு. கதை உண்மையோ பொய்யோ, அவர் எரித்திருந்தால் நமக்கு மகிழ்ச்சிதான்.

அவரே சொன்ன ஒரு நிகழ்ச்சி உண்டு. தோல்வி நடந்து இருபது ஆண்டுகள் ஆகியிருந்தன. கடையில் சாமான் வாங்கிக்கொண்டிருந்தார். ஒரு பெண் தன் சிறு மகனிடம் அவரைச் சுட்டிக்காட்டி, பிரேசில் முழுவதையும் அழவைத்த ஆள் இவர்தான் என்று சொன்னாள். அந்தப் பையன் 1950இல் பிறந்திருக்கவே இல்லை. இழிவு இப்படித்தான் தலைமுறை தாண்டுகிறது. தாய் விரலை நீட்டிக் காட்டுகிறாள், பிள்ளை கற்றுக்கொள்கிறது.

தொலைதூரக் கதை என்று ஒதுக்க முடியவில்லை. 2021 ஆகஸ்டில் டோக்கியோ ஒலிம்பிக் அரையிறுதியில் இந்தியப் பெண்கள் ஹாக்கி அணி அர்ஜென்டினாவிடம் தோற்றது. ஹரித்வார் பக்கத்தில் வந்தனா கட்டாரியாவின் வீட்டு வாசலில் பட்டாசு வெடித்து, தலித்துகள் அதிகம் இருந்ததால்தான் அணி தோற்றது என்று ஏசியதாகக் குடும்பத்தார் புகார் கொடுத்தனர், கைதும் நடந்தது. நான்கு நாட்களுக்கு முன்புதான் தென் ஆப்பிரிக்காவுக்கு எதிராக அவர் மூன்று கோல் போட்டிருந்தார். ஒலிம்பிக்கில் இந்தியப் பெண் ஒருவர் ஒரே ஆட்டத்தில் மூன்று கோல் போட்டது அதுவே முதல் முறை.

பார்போசாவின் முதுமையில் கேமராக்கள் அவரைத் தேடி வந்தன. 1988இல் ஜோர்ஜ் ஃபுர்தாதோ, அனா லூயிசா அசெவேதோ இருவரும் அவர் பெயரிலேயே ஒரு குறும்படம் எடுத்தார்கள். கால் மணி நேரம்கூட ஓடாது. பாதி கற்பனை, பாதி ஆவணம். சிறுவனாக அன்று அரங்கத்தில் இருந்த ஒருவன் பெரியவனான பிறகு காலத்தைக் கடந்து 1950க்குத் திரும்பிப் போகிறான், அந்தக் கோலைத் தடுக்க. கோல் வலைக்குப் பின்னால் ஓடிப்போய்க் கத்துகிறான். அவன் குரல் பார்போசாவின் கவனத்தைக் கலைக்க, பந்து உள்ளே போகிறது. கதைக்கு நடுவே உண்மையான பார்போசாவே வந்து உட்கார்ந்து பேசுகிறார். கோபமில்லாமல், குரலை உயர்த்தாமல், அந்தப் பந்து வந்த விதத்தைச் சொல்கிறார். உதவி செய்வதாக நினைத்து வந்தவனே கேட்டுக்குக் காரணமாகிறான் என்று கதை அமைத்ததில் அந்த இயக்குநர்களின் நேர்மை தெரிகிறது. பார்போசாவிடம் கேமராவோடு போனவர்கள் எல்லோரும் ஒரு வகையில் அவரை மறுபடி அந்தக் கோலில் கொண்டுபோய் நிறுத்தியவர்கள்தாம். 79ஆவது நிமிடத்தைச் சொல்லுங்கள் என்றே கேட்டார்கள். அவரும் சலிக்காமல் சொன்னார். அவர் பக்கத்து நியாயம் பதிவாக வேறு வழி இருக்கவில்லை என்பதையும் நாம் ஒப்புக்கொள்ள வேண்டும்.

1993இல் பிபிசி படக்குழு ஒன்று அவரை பிரேசில் அணியின் பயிற்சி முகாமுக்கு அழைத்துப் போனது. அடுத்த உலகக் கோப்பைக்கான தகுதிச் சுற்று நடந்துகொண்டிருந்த நேரம். ஆட்டக்காரர்களைப் பார்க்க அவரை உள்ளே விடவில்லை. அவர் வந்தால் அணிக்கு ராசியில்லாமல் போய்விடுமாம். 72 வயது மனிதர் வாசலோடு திரும்பினார். தீட்டு என்ற சொல் போர்ச்சுகீசிய மொழியில் இருக்கிறதோ இல்லையோ, அன்று நடந்தது அதுதான்.

அன்றைய பிரேசில் சட்டத்தில் எந்தக் குற்றத்துக்கும் சிறைத் தண்டனை முப்பது ஆண்டுகளைத் தாண்டக் கூடாது என்று இருந்தது. தான் அதையும் தாண்டித் தண்டனை அனுபவித்துவிட்டதாக அவர் செய்தியாளர்களிடம் சொல்வதுண்டு. ஆண்டுகள் கூடக்கூட அந்தக் கணக்கும் கூடியது. கடைசியில் ஐம்பதைத் தொட்டது.

மனைவி குளோச்சில்ஜி இறந்த பிறகு, சாவ் பாவ்லோ கடற்கரையோர ஊரான பிரையா கிராண்டேயில் இருந்தார். பிள்ளைகள் இல்லை. அங்கே அறிமுகமான ஒரு பெண் மகள் போல இருந்து கவனித்துக்கொண்டார். வீட்டு வாடகைக்குப் பழைய கிளப் வாஸ்கோ உதவியது. பிரேசில் அதற்குள் நான்கு உலகக் கோப்பைகளை வென்றிருந்தது. அந்த மஞ்சள் சட்டைக்காரர்களில் பீலே, கரிஞ்சா, திதி, ஜைர்சினியோ என்று கறுப்பின, கலப்பின ஆட்டக்காரர்களை எண்ணி மாளாது. கோலில் நிற்க மட்டும் கறுப்பனை நம்பத் தயக்கம் இருந்தது. 1966இல் மாங்கா ஒரே ஓர் உலகக் கோப்பை ஆட்டத்தில் நின்றார். முதல் தெரிவு கோல்கீப்பராக ஒரு கறுப்பர் உலகக் கோப்பைக்குப் போனது 2006இல், டீடா. இடையில் 56 ஆண்டுகள்.

டீடா கோலில் நின்றதைப் பார்க்க பார்போசா இல்லை. 2000ஆம் ஆண்டு ஏப்ரல் 7இல் தன் 79ஆவது வயதில் காலமானார். பன்னிரண்டு ஆட்டக்காரர்களைக் கைவிட மறுத்து வாஸ்கோ கடிதம் எழுதிய அதே ஏப்ரல் 7. அந்தக் கிளப் ரியோவில் அமைத்திருக்கும் பயிற்சி மையத்துக்கு இன்று மொவாசிர் பார்போசாவின் பெயர்.